பெறுமதி: இல்லை

தியத்தலாவை முகாமில் என் வேலை
பிடித்துவைத்த பொருள்களுக்கு இலக்கம் போடுவது.
சவர அலகு, பைனாகுலர், புல்லாங்குழல் ஒன்று,
தோட்டத்து ஜெர்மன் எஞ்சினியரின் பல்செட்
(மறுநாளே திருப்பிக் கொடுத்தோம்,
மனிதர் கஞ்சிகூடக் குடிக்கவில்லை).

இருநூற்றுப் பதினேழு:
எக்கார்ட் வீலாண்ட், வயது ஐம்பத்தெட்டு,
முன்பு கடற்படை அதிகாரி,
இப்போது கொழும்பில் சாயப்பொடி வியாபாரி.
சிகரெட் டப்பாவுக்குள் விரல் நீளத்துக்கு
ஒரு கறுப்பு நாடா. ஐந்து கட்டம்.
மோந்து பார்த்தேன். கற்பூரம்.

"வெடிமருந்தா?" என்றார் சார்ஜன்ட்.
"படம்" என்றார் வீலாண்ட்.
"இரண்டும் ஒரே பருத்தியில் செய்வதுதான்."

மிச்சத்தை மூன்று நான்கு பின்னேரங்களில் சொன்னார்,
இருவருக்கும் சொந்தமில்லாத ஆங்கிலத்தில்,
அப்புத்தளைப் பக்கமிருந்து வந்த பனி
கம்பிவேலியை முள் முள்ளாக விழுங்கிக்கொண்டிருக்க.

முதல் யுத்தம். பதினேழாம் ஆண்டு.
பெர்லினில் யுத்தப்படம் பிடிக்கும் கந்தோருக்குக்
கடற்படை அனுப்பிய ஆள் அவர்.
கமெரா எதைப் பார்க்கலாம் என்று சொல்வது உத்தியோகம்.
திசைகாட்டியைப் பார்க்கக்கூடாது.
டோர்பிடோக் குழாயின் வாயைப் பார்க்கக்கூடாது.
மாலுமியின் தாடியைப் பார்க்கலாம், அவன் சிரித்தால்.

ஒருமுறை கமெராக்காரனோடு நீர்மூழ்கியில் போனார்.
நிலக்கரிக் கப்பலொன்றை மறித்து
ஆட்களைப் படகுகளில் இறக்கி
வெடியும் வைத்தாயிற்று.
மேகம் வந்து மூடிக்கொண்டது.
வெளிச்சம் காணாது என்றான் கமெராக்காரன்.
"நாற்பது நிமிசம்
அந்தக் கப்பலைச் சாகவிடாமல் வைத்திருந்தோம்,
சூரியனுக்காக.
படகில் இருந்தவர்களும் காத்திருந்தார்கள்.
வேறெங்கே போவார்கள்?"

படம் அருமையாக வந்ததாம்.
சனம் எழுந்து நின்று கைதட்டியதாம்.
ஒரு துண்டை மட்டும் தன் கையால் வெட்டினார்:
கடைசிப் படகில் ஒரு லஸ்கர், கறுத்தவன்,
தலையில் துணி,
கையசைத்து விடைகொடுக்கிறான்.
எதிரி அப்படிச் செய்தால் பார்ப்பவர்கள் குழம்புவார்கள்.
வெட்டினார். எறிய மனம் வரவில்லை.
"எங்களை மன்னித்துவிட்டான், பார்" என்றார்.
"இருபத்துமூன்று வருசமாக
அந்தக் கையை வைத்திருக்கிறேன்."

ஜன்னலில் பிடித்துப் பார்த்தேன்.
கை உயர்ந்திருக்கிறது, உள்ளங்கை கடலைப் பார்த்து.
இரண்டில், மூன்றில் விரல் மடங்குகிறது.
நான்கில் மூடிவிட்டது.
ஐந்தில் மறுபடி திறக்கப் போகிறது.

எனக்கு இந்தக் கையைத் தெரியும்.
பதுளை பஸ்ஸை இந்தக் கையால்தான் மறிக்கிறேன்.
மழை வந்தால் கங்காணி
கொழுந்து எடுப்பவர்களை மேட்டிலிருந்து கூப்பிடுவதும் இதனால்தான்.
எங்களில் யாரும் இப்படிப் போய்வா சொல்வதில்லை.
வா என்கிறான் அவன். இங்கே வா.
படகு ஓட்டையாக இருந்திருக்கலாம்.
யாரோ தண்ணீரில் இருந்திருக்கலாம்.
நாற்பது நிமிசமும் கூப்பிட்டிருக்கலாம்.

நான் சொல்லவில்லை.
அன்று அவருக்குக் காய்ச்சல் என்று
எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.
பேரேட்டில் எழுதினேன்:
கறுப்பு நாடா ஒன்று. பெறுமதி: இல்லை.

நாற்பத்திரண்டில் அவர்களை இந்தியாவுக்கு ஏற்றினார்கள்.
ரயில் அசைந்ததும் வீலாண்ட் தொப்பியைத் தூக்கினார்.
நான் கையை உயர்த்தி, உள்ளங்கையைக் கவிழ்த்து,
விரல்களை மடக்கினேன். மறுபடி. மறுபடி.
முதலில் சிரித்தார்.
பிறகு தன் கையைத் தானே பார்த்தார்.
அதைக் கவிழ்த்தார்.
மடக்கினாரா, குளிரில் விறைத்ததா,
எஞ்சின் புகை இடையில் வந்துவிட்டது.

டப்பாவைத் திருப்பிப் பெற்றுக்கொண்டதாகப்
பேரேட்டில் ஒரு கையெழுத்து இருக்கிறது.
அது நான் போட்டது.
நாடா இங்கேதான், பிஸ்கட் தகரத்தில்.
அடுப்புப் பக்கம் வைப்பதில்லை.